நாயகிக்கு இல்லாத ஊர்: மனோரமாவின் துணைவேடங்கள்

மனோரமா என்றதும் பேச்சு எண்களுக்குப் போய்விடுகிறது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள், அதற்காகக் கின்னஸ் புத்தகத்தில் இடம், அண்ணா, கருணாநிதி, எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி. ராமராவ் என்று முதலமைச்சர்களான ஐந்து பேரோடு நடித்த பெருமை. எண்கள் தீர்ந்தால் ‘பெண் சிவாஜி’ என்ற பட்டம். 2015 அக்டோபர் 10ஆம் நாள் அவர் மறைந்தபோது எழுதப்பட்ட இரங்கல்களும் இந்த வட்டத்துக்குள்ளேயே சுற்றின. மரியாதையோடு சொல்லப்பட்டவைதான் எல்லாம். ஆனாலும் எத்தனை காலம் நடித்தார், யாரோடு நடித்தார் என்பதற்குமேல் அவை நகரவில்லை. காமிராவுக்கு முன்னால் அவர் என்ன செய்தார் என்ற கேள்வி கேட்கப்படாமலே கிடக்கிறது.

இக்கட்டுரை அந்தக் கேள்விக்கு ஒரு விடை சொல்ல முயல்கிறது. தமிழ்ப் படத்தின் நாயகிக்குப் பெரும்பாலும் ஊர் கிடையாது. கதைப்படி அவள் திருவாரூரில் பிறந்திருக்கலாம், பொள்ளாச்சியில் வளர்ந்திருக்கலாம். வாய் திறந்தால் எந்த மாவட்டத்துக்கும் சொந்தமில்லாத ஒரு பொதுத்தமிழ்தான் வரும். அவளுக்கு வயதும் ஏறாது, கையில் தொழிலின் தழும்பும் இருக்காது. ஆகவே இந்தக் கதை ஓர் ஊரில், ஒரு தெருவில், பிழைப்புக்கு உழைக்கிற மனிதர்கள் நடுவே நடக்கிறது என்று பார்ப்பவரை நம்பவைக்கும் பொறுப்பு துணைவேடக்காரர்கள் தலையில் விழுந்தது. பெண்களில் அந்தப் பொறுப்பை அரை நூற்றாண்டுக்கு மேல் சுமந்தவர் மனோரமா. அதற்கு அவர் கையாண்ட முதற்கருவி குரல். அந்தக் குரலைப் பழக்கியது நாடக மேடை.

தமிழ் சினிமா ஆய்வு இந்தப் பக்கம் அதிகம் வராததற்குக் காரணம் உண்டு. கார்த்திகேசு சிவத்தம்பி 1981இல் தமிழ்ப் படத்தை அரசியல் தொடர்பு ஊடகமாக வைத்து எழுதினார். அதே ஆண்டு தியடோர் பாஸ்கரன் நாடகமும் சினிமாவும் தேசிய இயக்கத்தில் வகித்த பங்கை ஆராய்ந்தார். எம்.எஸ்.எஸ். பாண்டியன் 1992இல் எம்.ஜி.ஆர். பிம்பத்தை உடைத்துப் பார்த்தார். மூன்றும் வழிகாட்டி நூல்கள். திரைக்கும் அதிகாரத்துக்கும் உள்ள உறவே அவற்றின் கேள்வி. அதனால் நாயகன், கட்சி, ரசிகர் மன்றம் என்று பார்வை போனது இயல்பு. வேலைக்காரி, அத்தை, ஆயா, நாடகக்காரி என்று வந்துபோகிறவர்கள் அந்தச் சட்டகத்துக்குள் அகப்படவில்லை.

பினாங்கிலிருந்து பார்க்கிறவருக்கு இன்னொரு வாசல் திறக்கிறது. 1870களில் பார்சி நாடகக் குழுக்கள் இந்தியாவிலிருந்து இந்தத் தீவுக்கு வந்து ஆடின. அவற்றைப் பார்த்து இங்கே பிறந்ததுதான் பங்சாவான் என்னும் மலாய் இசைநாடகம். மாமாக் புஷி 1885இல் பினாங்கில் தொடங்கிய குழு அதன் முன்னோடி. இதே பார்சி நாடகத்தின் தாக்கம் தமிழ்நாட்டில் சங்கரதாஸ் சுவாமிகள் காலத்து மேடையிலும் உண்டு. இரண்டிலும் வேடப் பங்கீடு ஏறக்குறைய ஒன்றுதான். ராஜபார்ட்டும் ஸ்திரீபார்ட்டும் மேடைமொழியில் பாடியும் பேசியும் கதையை நடத்துவார்கள். பபூன் ஊர்ப்பேச்சில் பேசி, கொட்டகையில் உட்கார்ந்திருப்பவனின் நாட்டு நடப்பை உள்ளே கொண்டுவருவான். அரசர்களுக்குக் காவியத்தின் காலம், பபூனுக்கு இன்றைய சாயங்காலம். சுங்கை பினாங் வட்டாரத்தில், இன்று ஜாலான் பி. ராம்லி என்றழைக்கப்படும் தெருவில் வளர்ந்த மலாய்த் திரைக்கலைஞர் பி. ராம்லிக்கு முதல் நாயக வேடம் தந்த ‘பக்தி’ (1950) படத்தை இயக்கியவர் சென்னையில் பிறந்த எல். கிருஷ்ணன். மேடையிலிருந்து திரைக்கு வந்த இந்த வேடப் பங்கீடு வங்காள விரிகுடாவின் இரு கரைக்கும் பொதுவான சொத்து என்பதற்கு இதுவும் ஓர் அடையாளம்.

மனோரமாவின் வரலாறு இந்தப் பங்கீட்டுக்குள்தான் தொடங்குகிறது. 1937 மே 26ஆம் நாள் மன்னார்குடியில் பிறந்தவர். இயற்பெயர் கோபிசாந்தா. தந்தை கைவிட்டதால் தாயோடு பள்ளத்தூருக்கு வந்தார். தாய் வீட்டுவேலை செய்து பிள்ளையை வளர்த்தார். பன்னிரண்டு வயதில் மேடையேறிய அவருக்கு மனோரமா என்று பெயர் வைத்தவர்கள் நாடக இயக்குநர் திருவேங்கடமும் ஆர்மோனியக்காரர் தியாகராஜனும். பெயர் சூட்டியவர்களில் ஒருவர் ஆர்மோனியக்காரர் என்பதை நான் சிறு செய்தியாக எண்ணுவதில்லை. அந்தக் காலத்து நாடகத்தில் ஆர்மோனியத்துக்குச் சுருதி சேராத தொண்டைக்கு இடமே கிடையாது. பள்ளத்தூர் பாப்பா என்று அறியப்பட்ட சிறுமி முதலில் கற்றது சுருதியை. முகபாவம் பிறகு வந்தது.

அடுத்து வந்தது எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றம். கருணாநிதியின் ‘மணிமகுடம்’ போன்ற நாடகங்கள் அங்கே நடந்தன. திராவிட இயக்க நாடகத்தின் வசனத்தைப் பேசிப் பார்த்தவர்களுக்கு அதன் கடுமை தெரியும். நீண்ட வாக்கியம், அடுக்கிவரும் மோனை, மூச்சு எங்கே வாங்குவது என்று முன்கூட்டியே திட்டமிடாவிட்டால் பாதியில் தடுக்கிவிடும். அந்த வசனத்தைக் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி ஆண்டுக்கணக்கில் பேசிய ஒருவர் பின்னாளில் மெட்ராஸ் பாஷை பேசும்போது அதை இயல்பாகக் கொட்டிவிடுவதில்லை, கட்டிப் பேசுகிறார். மனோரமாவின் வட்டாரப் பேச்சு காதில் தெளிவாக விழுவதற்கும், எவ்வளவு வேகத்தில் பேசினாலும் ஓர் எழுத்தும் நழுவாததற்கும் காரணம் இந்தச் செந்தமிழ்ப் பயிற்சிதான் என்று நான் கருதுகிறேன்.

1958இல் ‘மாலையிட்ட மங்கை’ படத்தில் அவரை நகைச்சுவை வேடத்துக்கு அழைத்தவர் கண்ணதாசன். 1963இல் ‘கொஞ்சும் குமரி’யில் நாயகியாகவும் நடித்தார். அந்தப் பாதை நீளவில்லை. நல்லவேளை நீளவில்லை என்பது என் துணிபு.

அவருக்கு முன்னால் தமிழ்த் திரையில் சிரிப்பு நடிகைகள் இல்லாமல் இல்லை. டி.ஏ. மதுரம், சி.டி. ராஜகாந்தம், அங்கமுத்து, டி.பி. முத்துலட்சுமி, எம். சரோஜா என்று வலுவான வரிசை உண்டு. ஆனால் அவர்களில் புகழ் மிக்க இருவர் ஜோடியாகவே நினைவில் நிற்கிறார்கள். மதுரம் என்றால் என்.எஸ். கிருஷ்ணன், சரோஜா என்றால் தங்கவேலு. இரு ஜோடிகளும் வாழ்க்கையிலும் கணவன் மனைவி. சிரிப்பு நடிகைக்குத் திரையில் இடம் கிடைத்த வழி சிரிப்பு நடிகரின் துணையாக வருவது. அந்த ஏற்பாட்டில் வேடங்கள் மாறினாலும் அடிப்படை உறவு மாறாது. கணவன் ஏதோ ஒரு தகிடுதத்தம் செய்வான், மனைவி அதைக் கண்டுபிடிப்பாள்.

மனோரமாவுக்கு அப்படி நிலையான ஜோடி அமையவில்லை. நாகேஷ், சோ, தேங்காய் சீனிவாசன், சுருளிராஜன் என்று எல்லோரோடும் நடித்தார். ஒவ்வொருவரின் தாளமும் வேறு. நாகேஷ் உடம்பால் ஓடுவார், சோ நின்ற இடத்தில் நின்று வாயால் குத்துவார், தேங்காய் சீனிவாசன் சத்தத்தை ஏற்றிக்கொண்டே போவார். எதிரில் நிற்கும் ஆள் மாறும்போதெல்லாம் மனோரமா தன் நடையை மாற்றியாக வேண்டும். ‘அனுபவி ராஜா அனுபவி’ (1967) படத்தில் நாகேஷோடு தூத்துக்குடிக் கடற்கரைப் பேச்சு. அடுத்த ஆண்டே ‘பொம்மலாட்டம்’ படத்தில் சோவோடு சென்னைக் குப்பத்துப் பேச்சு, அதில் தன் சொந்தக் குரலில் ஒரு பாட்டு. பன்முகத் திறமை பிறவி வரம் என்று எழுதுவது எளிது. நிலையான ஜோடி இல்லாத நடிகைக்கு அது பிழைப்பின் நிபந்தனையாகவும் இருந்தது என்பதைச் சேர்த்துச் சொன்னால்தான் அந்த உழைப்பின் அளவு தெரியும்.

இனி ஒரு வேடத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். 1968இல் வந்த ‘தில்லானா மோகனாம்பாள்’. கொத்தமங்கலம் சுப்பு ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதையை ஏ.பி. நாகராஜன் படமாக்கினார். சிக்கல் சண்முகசுந்தரத்தின் நாதஸ்வரத்துக்கும் திருவாரூர் மோகனாவின் சதிருக்கும் நடக்கும் போட்டி கதை. கோயில், சமஸ்தானம், செல்வர் வீடு என்று உயர்கலை உலவும் இடங்களிலேயே படம் சுற்றுகிறது. அதற்குள் ஜில் ஜில் ரமாமணி வருகிறாள். அவள் ஆடுவது சந்தைக்கும் திருவிழாவுக்கும் வருகிற கூட்டத்துக்காக. அவளுடைய பெயரே சுவரொட்டிக்காக வைத்த பெயர்.

நாதஸ்வரத்தைக் கேட்டுவிட்டு அவள் சண்முகசுந்தரத்திடம் கேட்கும் கேள்வி தமிழர் வீடுகளில் இன்றும் பேசப்படுகிறது. இப்படிப்பட்ட சத்தம் இவர் கையிலுள்ள நாயனத்தில் மட்டும்தான் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்பது அந்தக் கேள்வியின் சாரம். சிரிப்பு வருகிற இடம் எதுவென்று பாருங்கள். மனோரமா அந்தக் கேள்வியை வேடிக்கைக்காகக் கேட்கவில்லை. தன் சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ள ஒரு தொழில்காரி இன்னொரு தொழில்காரரிடம் கேட்கிறாள். தென்பாண்டி இழுப்போடு, மரியாதை குறையாமல், அவசரமே இல்லாமல் நடக்கிறது வாக்கியம். கேட்டதில் ஏதோ பிழை இருக்கிறது என்ற உணர்வு குரலில் எள்ளளவும் இல்லை. அதனால்தான் எதிரில் உட்கார்ந்திருப்பவர் சிரிக்கிறார், சிரித்துக்கொண்டே அவளை ஏற்றுக்கொள்கிறார்.

அந்த ஒரு காட்சிக்குள் படத்தின் பெரிய கேள்வி ஒளிந்திருக்கிறது. எது கலை, யார் கலைஞர்? வித்வான்களும் ரசிகர்களும் நிறைந்த கதையில் நாதஸ்வரத்தைக் கேட்டு முழுதாக வியந்துபோகிற ஆள் மலிவு மேடைக்காரி. அவளுக்கு ராகம் தெரியாது. ஆனாலும் கேட்ட நாதம் பெரிது என்பது தெரிகிறது. சிறு பட்டணங்களில் நாடகம் ஆடிப் பிழைத்த நடிகை அந்த வேடத்தைச் செய்தபோது, தான் வந்த உலகத்தை இழிவுபடுத்தாமல் திரைக்குக் கொண்டுவந்தார். சூசன் சைசர் 2005இல் வெளியிட்ட தமிழ் மேடை ஆய்வில் ஸ்பெஷல் நாடகக்காரிகள் சுமக்கும் சமூக இழிவைப் பற்றி விரிவாக எழுதினார். அந்தப் புத்தகத்துக்கு 37 ஆண்டுகள் முந்தி ரமாமணி அந்தப் பெண்களுக்காக ஒரு வாக்குமூலம் கொடுத்திருக்கிறாள் என்றே நான் படிக்கிறேன்.

‘பெண் சிவாஜி’ என்ற பட்டம் பொருந்தாது என்று சொல்வதற்கும் இந்தக் காட்சியே சான்று. சிவாஜி நடிக்கும் படத்தில் கதையே அவருக்காகக் காத்திருக்கும். ஓர் உணர்ச்சியை ஏற்றி, நிறுத்தி, இறக்க அவருக்குப் பத்து நிமிடம் கிடைக்கும், குளோசப் கிடைக்கும். மனோரமாவுக்குக் கிடைத்தவை சில நிமிடங்கள். வேறொருவரின் கதைக்கு நடுவில் நுழைய வேண்டும், ஒரு முழு மனுஷியை நிறுத்த வேண்டும், கதையின் ஓட்டத்தைக் கெடுக்காமல் வெளியேற வேண்டும். அது தனி இலக்கணம் உள்ள தனித் தொழில். இன்னொரு நடிகரின் பெயரால் அதை அளப்பது இருவருக்குமே நியாயமாகாது.

‘சம்சாரம் அது மின்சாரம்’ (1986) படத்தின் கண்ணம்மா இதே தொழிலின் இன்னொரு முகம். நடுத்தர வர்க்கத்துக் கூட்டுக்குடும்பம் சம்பளக் கணக்கில் உடைகிற கதை. அந்த வீட்டு வேலைக்காரி கண்ணம்மா. படத்தை இயக்கிய விசுவும் மேடையிலிருந்து வந்தவர் என்பதால் படம் முழுக்கப் பேச்சு. வீட்டார் எல்லோரும் தர்க்கம் செய்கிறார்கள். கண்ணம்மா தர்க்கம் செய்வதில்லை, சண்டை பிடிக்கிறாள். கிஷ்மு நடித்த ஆல்பர்ட் பெர்னாண்டஸோடு அவள் மோதும் காட்சியில் சென்னைத் தெருவின் பேச்சு வீட்டுக்குள் வந்து, படித்தவர்கள் சொல்லத் தயங்குவதைச் சொல்லிவிடுகிறது. ‘கம்முனு கெட’ என்பது அந்தக் காட்சியிலிருந்து கிளம்பி வீட்டுப் பேச்சில் கலந்தது. மனோரமாவின் மூச்சுக் கட்டுப்பாட்டை அறிய விரும்புகிறவர் அந்தக் காட்சியைப் படத்தை மறைத்துவிட்டு ஒலியை மட்டும் கேட்டுப் பார்க்க வேண்டும். குரல் உச்சத்துக்குப் போகும், உடனே இறங்கும், இறங்கிய இடத்தில்தான் குத்து விழும். தாயார் வீட்டுவேலை செய்து வளர்த்த பிள்ளை அவர். அந்த வேடத்துக்கு அவர் வெளியே போய்ப் பாடம் படிக்க வேண்டியிருக்கவில்லை.

பினாங்கில் பழைய தலைமுறையோடு உட்கார்ந்து இந்தப் படங்களைப் பார்த்தவர்களுக்கு ஒரு விஷயம் தெரியும். பாட்டிமார் நாயகி பேசும்போது கதையைக் கவனிப்பார்கள். மனோரமா பேசும்போது ஊரைக் கவனிப்பார்கள். இந்தத் தீவின் தமிழர்கள் ஒரே ஊரிலிருந்து வந்தவர்கள் அல்லர். செட்டிநாட்டிலிருந்து வந்து பினாங்கு ஸ்திரீட்டில் கிட்டங்கி நடத்திய நகரத்தார், கடையநல்லூரிலிருந்தும் நாகூர்ப் பக்கத்திலிருந்தும் வந்த முஸ்லிம்கள், தஞ்சை, திருச்சி, சேலம் என்று பல மாவட்டங்களிலிருந்து துறைமுகத்துக்கும் தோட்டத்துக்கும் வந்த உழைப்பாளிகள். மூன்றாம் தலைமுறைக்குள் அந்தப் பேச்சுகள் கலந்து மலேசியத் தமிழாகிவிட்டன. தாத்தாவின் ஊர்ப்பேச்சு எப்படி இருந்திருக்கும் என்பதைத் திரையில் கேட்டவர்கள் பெரும்பாலும் துணைவேடங்களின் வாயிலிருந்துதான் கேட்டார்கள். தொலைக்காட்சியில் ஓடும்போது கீழே வரும் மலாய் வரிகளில் மோகனாவும் ரமாமணியும் ஒரே மாதிரிதான் பேசுவார்கள். வேறுபாடு முழுக்கக் காதில் இருந்தது. மனோரமாவை ஊரார் ‘ஆச்சி’ என்று அழைத்ததும் பள்ளத்தூர் தந்த செட்டிநாட்டு மரியாதை. தண்ணீர்மலையில் தைப்பூசத்துக்குக் கூடும் இந்த ஊருக்கு அந்த அழைப்பு புதிதல்ல.

வயது பற்றியும் பேசியாக வேண்டும். ‘தில்லானா மோகனாம்பாள்’ வந்தபோது நாயகி பத்மினியைவிட மனோரமா ஐந்து வயது இளையவர். நாயகியின் ஆயுள் திரையில் பத்துப் பதினைந்து ஆண்டுகள். அதன்பின் அவள் அம்மா ஆக வேண்டும், இல்லாவிட்டால் காணாமல் போக வேண்டும். மனோரமாவுக்கு அந்த முறிவே இல்லை. முப்பதுகளிலும் பாட்டியாக முடிந்தது, ஐம்பதுகளிலும் காதல் வயப்பட முடிந்தது. ‘நடிகன்’ (1990) படத்தில் சத்யராஜின் கிழவேடத்தை நம்பி மனம் கொடுக்கும் முதிர்கன்னி வேடம் அதற்குச் சான்று. ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) படத்தின் முனியம்மா, ‘சின்ன கவுண்டர்’ (1992) படத்தில் துருத்திய பல் வைத்துக்கொண்டு கொங்குப் பேச்சு பேசும் ஆத்தா, ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ (2006) படத்தின் ராஜமாதா, ‘சிங்கம்’ (2010) படத்தின் பாட்டி என்று உடம்பின் வயதையே தொழிலின் சரக்காக மாற்றிக்கொண்டார். நாயகியால் தன் அழகைக் கெடுத்துக்கொள்ள முடியாது, சந்தை விடாது. ஆத்தாவால் பல்லை நீட்டிக்கொள்ள முடியும்.

துணைவேடம் படத்தின் தலைப்பையே பிடித்துக்கொள்ளும் அரிய தருணங்களும் உண்டு. 1988இல் ஏவி.எம். எடுத்த ‘பாட்டி சொல்லைத் தட்டாதே’ படத்தில் பாட்டிதான் கதையின் அச்சு. மலாய்த் திரையில் இதற்கு இணை பி. ராம்லியின் ‘இபு மெர்துவாகு’ (1962). கதையின் ஒரு பகுதி பினாங்கிலேயே நடக்கிறது. தலைப்புக்குரிய மாமியாராக, ஞோஞா மன்சூர் என்ற செல்வச் சீமாட்டியாக நடித்தவர் மாக் டாரா. ராம்லியின் சோகப் பாட்டுகளுக்கு நடுவே அந்த மாமியாரின் இறுகிய குரல்தான் கதையை நகர்த்துகிறது. இரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்கிறவர்களுக்கு, முதிய பெண்ணின் குரலுக்குத் திரைக்கதை எவ்வளவு கடன்பட்டிருக்கிறது என்பது புலப்படும்.

மறுபக்கத்தை மறைக்க எனக்கு விருப்பமில்லை. 1990களில் மனோரமாவுக்கு வந்த அம்மா வேடங்களில் பல ஒரே அச்சில் வார்த்தவை. ‘சின்னத்தம்பி’ (1991) வெற்றிக்குப் பிறகு வெள்ளைச் சேலை, அடிபடுதல், மகனுக்காக அழுதல் என்று அது ஒரு சூத்திரமாகிவிட்டது. அங்கே ஊர்ப்பேச்சுக்கும் வேலை இல்லை, மூச்சுக் கட்டுப்பாட்டுக்கும் வேலை இல்லை. முதிர்கன்னியை, பல் நீண்டவளைப் பார்த்துச் சிரிக்கவைத்த காட்சிகளில் நடிகையின் திறமை பெண்ணின் உடம்பைக் கேலி செய்யப் பயன்பட்டதும் உண்மை. ஒரே நாளில் பல படங்களுக்குக் கால்ஷீட் கொடுத்துச் சம்பாதிக்க வேண்டிய தொழிலில் வேடத்தைத் தேர்ந்தெடுக்கும் அதிகாரம் துணை நடிகையிடம் இல்லை. ஆயிரம் படம் என்ற எண்ணுக்குள் இந்தச் செய்தியும் இருக்கிறது. எண்ணைக் கொண்டாடுகிறவர்கள் இதைச் சொல்வதில்லை என்பதே என் குறை.

அங்கீகாரத்தின் வரலாறும் இதோடு ஒட்டியது. ஹாலிவுட்டின் அகாடமி, துணை நடிகர்களுக்கென்று விருதை 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே தந்தது. இந்திய தேசிய விருதுகளில் அந்தப் பிரிவு 1984ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் முதன்முதலாக வந்தது. மனோரமா திரைக்கு வந்து அப்போது 26 ஆண்டுகள் ஆகியிருந்தன. ரமாமணிக்குக் கொடுப்பதற்கு விருதே இல்லை, பிரிவே இல்லை. பார்த்திபன் முதன்முதலாக இயக்கிய ‘புதிய பாதை’ (1989) படத்தில் குப்பத்து ஆயாவாக நடித்ததற்குத் துணை நடிகைக்கான தேசிய விருது வந்தது. பத்மஸ்ரீ 2002இல் வந்தது. ஆயா வேடம் சிறந்ததுதான். ஆனாலும் விருதுப் பட்டியலை வைத்து அவருடைய உச்சம் எது என்று தேடுகிற ஆய்வாளர் வழி தவறுவார். அவருடைய நாகேஷ் காலமும் ரமாமணியும் அந்தப் பட்டியலுக்கு வெளியே இருக்கின்றன.

குரலையும் ஊரையும் முன்வைக்கும் இந்த வாசிப்பு மனோரமாவுக்கு மட்டும் பொருந்துமா என்பதைச் சோதிக்க வசதியான படம் ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990). அதில் மனோரமா கங்காபாயாக வருகிறார். அதே படத்தில், கை நீளும் பழக்கமுள்ள பாலக்காட்டுப் பாட்டியாக எஸ்.என். லட்சுமி வருகிறார். அவரும் மேடையில் வளர்ந்தவர், அவரும் பேச்சிலேயே ஊரைக் கொண்டுவருகிறவர். இருவரும் ஒரே நாடகப் பயிற்சியின் இரு கிளைகள். லட்சுமி குரலை உயர்த்தாமல், பார்வையைத் தாழ்த்தி, முணுமுணுப்பிலேயே முழுக் காட்சியையும் எடுத்துச் செல்கிறார். மனோரமா தெருவுக்கே கேட்கும்படி பேசுகிறார். நாடக மேடையிலிருந்து திரைக்கு வந்த பெண்களிடம் இந்த உரத்த நடையும் அடங்கிய நடையும் எப்படிப் பிரிந்தன, எந்தக் குழு எதைப் பழக்கியது என்பதை அவர்களுடைய படங்களின் ஒலியை வரிவரியாகக் கேட்டு எழுத வேண்டியிருக்கிறது.